பின்சாய்ந்த கருப்பை: அறிக்கையைப் புரிந்துகொள்வதும் அது கண்டறியப்படும் முறையும்

ஸ்கேன் அறிக்கையின் முதல் வரியிலேயே ‘யூட்டரஸ் ரெட்ரோவெர்ட்டட்’ என்று அச்சாகியிருப்பதைப் பார்த்ததும், அதுவரை இல்லாத ஒரு நோய் தமக்கு வந்துவிட்டதாகப் பல பெண்கள் கலங்கிவிடுகிறார்கள். அந்தச் சொற்கள் நோய் எதையும் குறிப்பதில்லை. கருப்பை இடுப்புக்குழிக்குள் எந்தப் பக்கமாகச் சாய்ந்திருக்கிறது என்பதை மட்டுமே குறிக்கின்றன. ஏறத்தாழ ஐந்து பெண்களில் ஒருவருக்குக் கருப்பை பின்புறம் சாய்ந்துதான் இருக்கிறது. அவர்களில் பெரும்பாலோர் வேறு எதற்காகவோ பரிசோதனைக்குப் போகும்போதுதான் அதை அறிகிறார்கள். சிலர் கடைசிவரை அறிவதே இல்லை. ஆகவே, இதைப் புரிந்துகொள்ள முற்படுகிறவர் முதலில் கேட்க வேண்டியது, கருப்பை தாராளமாக அசைகிறதா, அல்லது பின்னாலுள்ள உறுப்புகளோடு ஒட்டி அசைவற்று இருக்கிறதா என்பதே. எந்தப் பக்கம் சாய்ந்திருக்கிறது என்பது அதற்கு அடுத்த கேள்விதான். கீழே விளக்கப்படும் ஒவ்வொரு பரிசோதனையும் அந்த ஒரு கேள்விக்கு எவ்வளவு பதில் தருகிறது என்று பார்த்துக்கொண்டே வந்தால், எது தேவையான பரிசோதனை, எது தேவையற்றது என்பதும் தெளிவாகிவிடும்.

சாய்வும் வளைவும்

கருவுறாத நிலையில் கருப்பை தலைகீழாக வைத்த ஒரு பேரிக்காயின் வடிவத்தில், ஏறக்குறைய 7 முதல் 8 சென்டிமீட்டர் நீளத்தில் இருக்கும். அதற்கு முன்னால் சிறுநீர்ப்பையும் பின்னால் மலக்குடலும் உள்ளன. அகன்ற மேற்பகுதி கருப்பையின் உடல். அதன் உச்சியே பரிசோதனையில் மருத்துவர் விரலால் தேடுகிற பகுதி. குறுகிய கீழ்ப்பகுதி கருப்பை வாய். அது யோனியின் மேல்முனையில் சற்றே நீட்டிக்கொண்டிருக்கும்.

கருப்பையின் நிலையை இரண்டு கோணங்களைக் கொண்டு விவரிக்கிறார்கள். யோனியின் போக்குக்கும் கருப்பை வாயின் போக்குக்கும் இடையிலான கோணம் ஒன்று, அதுவே சாய்வு. கருப்பை வாய்க்கும் கருப்பையின் உடலுக்கும் இடையிலான கோணம் மற்றொன்று, அது வளைவு. பெரும்பான்மையான பெண்களுக்குக் கருப்பை முன்னோக்கிச் சாய்ந்து, முன்னோக்கியே சற்று வளைந்து, சிறுநீர்ப்பையின் மேல் படுத்தாற்போல் இருக்கும். பின்சாய்வில் முழுக் கருப்பையும் மலக்குடலின் பக்கமாகத் திரும்பியிருக்கும். பின்வளைவில் கருப்பை வாய் தன் இயல்பான போக்கிலேயே இருக்க, உடல் மட்டும் பின்னோக்கி மடங்கியிருக்கும். ஒரே பெண்ணுக்கு இவ்விரண்டும் சேர்ந்தும் இருக்கலாம். முன்னும் பின்னும் சாயாமல் நடுவாக நிற்கும் கருப்பைகளும் உண்டு.

கருப்பை எலும்போடு பொருத்தப்பட்ட உறுப்பு அன்று. நார்களாலும் மெல்லிய சவ்வுகளாலும் தாங்கப்பட்டு, அசையக்கூடியதாக இருப்பது. சிறுநீர்ப்பை நிரம்பும்போது அது கருப்பையைப் பின்னோக்கித் தள்ளுகிறது. காலியானதும் கருப்பை பழைய நிலைக்குத் திரும்புகிறது. ஒரே பெண்ணின் இரண்டு ஸ்கேன் அறிக்கைகள் வெவ்வேறு நிலையைச் சொல்வதற்கு இது ஒரு காரணம். அப்படி மாறிச் சொல்லியிருந்தால் கவலைப்படத் தேவையில்லை. கருப்பை அசைகிறது என்பதற்கு அதுவே ஓரளவு சான்று.

கருப்பை இறக்கத்தோடு இதைப் பலர் குழப்பிக்கொள்கிறார்கள். இறக்கம் என்பது தாங்கும் திசுக்கள் தளர்ந்து கருப்பை யோனிக்குள் கீழிறங்கி வருவது. அதன் அறிகுறிகளும் சிகிச்சையும் முற்றிலும் வேறானவை. பின்சாய்ந்த கருப்பை அதன் உயரத்திலேயே இருக்கிறது.

ஏன் சாய்கிறது

பலருக்கு இது பிறவியிலேயே அமைந்த உடலமைப்பு. சிலருக்குப் பிரசவத்துக்குப் பிறகு, நீண்டு தளர்ந்த நார்கள் கருப்பையைப் பின்னோக்கிச் சாய விட்டுவிடுகின்றன. மாதவிடாய் நின்ற பிறகு திசுக்கள் மெலிவதாலும் இவ்வாறு நேரலாம். இம்மூன்றிலும் கருப்பை தாராளமாக அசையும். பெரும்பாலும் தொந்தரவும் இராது.

நான்காவது வகைதான் கவனத்துக்குரியது. கருப்பையின் உட்படலத்தைப் போன்ற திசு கருப்பைக்கு வெளியே வளரும் எண்டோமெட்ரியோசிஸ், கருக்குழாய்களையும் சுற்றியுள்ள பகுதியையும் தாக்கும் தொற்று, முன்பு நடந்த அறுவை சிகிச்சை ஆகியவை இடுப்புக்குழிக்குள் தழும்பு போன்ற ஒட்டுதல்களை உண்டாக்கி, கருப்பையைப் பின்னோக்கி இழுத்து மலக்குடலோடு பிணைத்துவிடக்கூடும். பெரிய ஃபைப்ராய்டு கட்டியும் கருப்பையை ஒரு பக்கமாகத் தள்ளலாம். இங்கெல்லாம் சாய்வு என்பது விளைவு மட்டுமே. சிகிச்சை தேவைப்படுவது அதற்குக் காரணமான நோய்க்குத்தான்.

எந்த அறிகுறிகளைச் சாய்வோடு தொடர்புபடுத்தலாம்

பெரும்பான்மையோருக்கு அறிகுறியே இல்லை. இருப்பவர்களிடம் அதிகம் காணப்படுவது, உடலுறவின்போது ஆழத்தில் ஏற்படும் வலி. கருப்பையின் உடலும் சில வேளைகளில் சூலகங்களும் யோனியின் பின்பக்கக் குழிவுக்கு அருகில் கிடப்பதால், உறவின்போது அவற்றின் மேல் அழுத்தம் விழுகிறது. இந்த வலியின் தன்மையைக் கவனித்துக்கொள்வது நோயறிதலுக்குப் பெரிதும் உதவும். நுழைவிடத்தில் எரிச்சலாகவோ இறுக்கமாகவோ தோன்றும் வலிக்குக் கருப்பையின் சாய்வு காரணமாகாது. சில நிலைகளில் மட்டும் தோன்றி, நிலையை மாற்றினால் மறைந்துவிடும் ஆழ்ந்த வலி சாய்வினால் இருக்கலாம். எந்த நிலையிலும் நீங்காமல், உறவு முடிந்த பிறகும் மணிக்கணக்கில் நீடித்து, மாதவிடாய் நெருங்கும்போது கூடுகிற வலி எண்டோமெட்ரியோசிஸைச் சந்தேகிக்க வைக்கிறது.

மாதவிடாய் நாட்களில் கீழ்முதுகு வலிப்பதாகவும், டாம்பூனையோ மாதவிடாய்க் கோப்பையையோ பொருத்துவது கடினமாக இருப்பதாகவும் சிலர் சொல்கிறார்கள். இவற்றில் இரண்டாவதற்கு நேரடியான உடற்கூற்றுக் காரணம் உண்டு: கருப்பை வாய் வழக்கத்தைவிட முன்பக்கம் திரும்பியிருப்பதால், கோப்பை அதைச் சுற்றிச் சரியாக உட்கார்வதில்லை, வேறு அளவோ மென்மையோ உள்ள கோப்பை பொருந்தலாம். முதுகுவலியைப் பொறுத்தவரை எனக்குத் தயக்கமே மேலோங்குகிறது. முதுகுவலிக்கு எத்தனையோ காரணங்கள் இருக்க, அறிக்கையில் ஒரு சாய்வு கண்ணில் பட்டுவிட்டது என்பதற்காகப் பழியை அதன் மேல் போட்டுவிட்டால் உண்மையான காரணத்தைத் தேடுவது அங்கேயே நின்றுபோகும்.

குழந்தைப்பேற்றைப் பற்றிய அச்சமே இந்தச் சொல்லைக் கேட்டவுடன் எழும் முதல் அச்சம். கருப்பை பின்சாய்ந்திருப்பது மட்டுமே கருத்தரிப்பதைத் தடுப்பதில்லை. கருச்சிதைவுக்கும் அது காரணமாவதில்லை. விந்தணுக்கள் தாமே நீந்திச் செல்பவை என்பதால் கருப்பை எந்தப் பக்கம் திரும்பியிருந்தாலும் அவற்றின் பயணம் நடக்கும். சாய்வை உண்டாக்கிய எண்டோமெட்ரியோசிஸோ தொற்றோ கருக்குழாய்களைப் பாதித்திருந்தால்தான் கருத்தரிப்பு தாமதமாகலாம்.

மருத்துவரிடம் போகும் முன்

இரண்டு மூன்று மாதவிடாய்ச் சுழற்சிகளுக்கு ஒரு சிறு குறிப்பேடு வைத்துக்கொள்ளுங்கள். வலி எந்த நாளில் தொடங்கி எந்த நாளில் அடங்கியது, வலிமாத்திரை தேவைப்பட்டதா, மாதவிடாய் நாட்களில் மலம் கழிக்கும்போது வலித்ததா, சிறுநீர் கழிப்பதில் சிரமம் இருந்ததா, உறவின்போது வலி எப்படி இருந்தது என்பவற்றை எழுதினால் போதும். இவற்றில் மலம் கழிக்கும்போது ஏற்படும் வலியைப் பலர் சொல்லக் கூச்சப்பட்டு விட்டுவிடுகிறார்கள். ஆனால் கருப்பைக்கும் மலக்குடலுக்கும் இடையில் நோய் இருப்பதைக் காட்டிக்கொடுக்கும் குறிப்பு பெரும்பாலும் அதுவே. முந்தைய ஸ்கேன் அறிக்கைகள், அறுவை சிகிச்சை விவரங்கள், பிரசவ விவரங்கள் ஆகியவற்றையும் எடுத்துச் செல்லுங்கள். ‘முன்பு எடுத்த ஸ்கேனில் கருப்பை முன்சாய்ந்திருந்தது, இப்போது பின்சாய்ந்து அசையாமல் இருக்கிறது’ என்ற ஒப்பீடு பழைய அறிக்கை கையில் இருந்தால்தான் கிடைக்கும்.

இடுப்புக்குழிப் பரிசோதனை

பரிசோதனைக்கு முன் சிறுநீர் கழித்துவிட வேண்டும். நிரம்பிய சிறுநீர்ப்பை கருப்பையைத் தள்ளி நிலையைத் தவறாகக் காட்டும். அழுத்தும்போது வலியையும் கூட்டும். முடிந்தால் மலமும் கழித்திருப்பது நல்லது. மலக்குடலில் தங்கிய மலம் பின்னால் ஒரு கட்டியைப் போலக் கைக்குத் தட்டுப்படுவது உண்டு.

மல்லாந்து படுத்து முழங்கால்களை மடக்கிய நிலையில், ஸ்பெகுலம் என்னும் கருவியால் யோனியை மெல்ல விரித்து மருத்துவர் கருப்பை வாயைப் பார்ப்பார். வழக்கமாகப் பின்னோக்கி இருக்கும் கருப்பை வாய், பின்சாய்வில் முன்பக்கமாக, இடுப்பு முன்னெலும்பை நோக்கித் திரும்பியிருக்கும். அடுத்து இரு கைப் பரிசோதனை. ஒரு கையின் இரண்டு விரல்கள் யோனிக்குள் கருப்பை வாயைத் தாங்க, மற்றொரு கை அடிவயிற்றை அழுத்தும். முன்சாய்ந்த கருப்பையாக இருந்தால் அதன் உடல் இரு கைகளுக்கும் இடையில் அகப்படும். பின்சாய்ந்திருந்தால் முன்பக்கம் எதுவும் தட்டுப்படாமல், யோனியின் பின்குழிவில் உருண்டையாக உணரப்படும். அப்படி உணரப்படுவது கருப்பையின் உடலா, பின்சுவரில் வளர்ந்த ஃபைப்ராய்டா, கீழிறங்கிக் கிடக்கும் சூலகக் கட்டியா என்பதைக் கையால் மட்டும் தீர்மானிக்க முடியாத வேளைகள் உண்டு. அங்கே ஸ்கேன் தேவைப்படுகிறது.

நிலையைக் கண்டறிந்ததோடு பரிசோதனை முடிந்துவிடாது. மருத்துவர் கருப்பையை விரல்களால் மெல்ல முன்னோக்கி உயர்த்திப் பார்ப்பார். எளிதாக உயர்ந்தால் அசையும் கருப்பை. உயர மறுத்தாலோ, அவ்வாறு உயர்த்தும்போது உங்களுக்குக் கூர்மையாக வலித்தாலோ, ஒட்டுதல் இருக்கக்கூடும். கருப்பையைப் பின்னால் தாங்கும் நார்களில் சிறு முடிச்சுகள் தட்டுப்பட்டால் எண்டோமெட்ரியோசிஸின் சாத்தியம் வலுக்கிறது. அதைத் தெளிவாக உணர, ஒரு விரலை யோனியிலும் மற்றொன்றை மலக்குடலிலும் வைத்துச் சோதிக்க வேண்டியும் வரலாம். இது எதற்காக என்று முன்கூட்டியே விளக்கச் சொல்லிக் கேட்பதும், வலித்தால் நிறுத்தச் சொல்வதும், உடன் ஒருவர் இருக்க வேண்டும் என்று கேட்பதும் உங்கள் உரிமை. வலிக்கிற இடத்தை ‘இங்கேதான்’ என்று சொல்வது இந்தப் பரிசோதனையில் மருத்துவருக்குக் கிடைக்கும் தகவல்களிலேயே மதிப்புமிக்கது. பல்லைக் கடித்துப் பொறுத்துக்கொண்டால் அது கிடைக்காமல் போய்விடும்.

ஸ்கேன்

வயிற்றின் மேல் வைத்து எடுக்கும் ஸ்கேனுக்குத் தண்ணீர் குடித்துச் சிறுநீர்ப்பையை நிரப்பச் சொல்வார்கள். நிரம்பிய சிறுநீர்ப்பை ஒலியலைகளுக்குச் சாளரமாக அமைகிறது. பின்சாய்ந்த கருப்பையின் உச்சி வயிற்றுச் சுவரிலிருந்து விலகி ஆழத்தில் கிடப்பதால், இம்முறையில் அது மங்கலாகவே தெரியும். யோனிக்குள் மெல்லிய கருவியை வைத்து எடுக்கும் ஸ்கேனுக்குச் சிறுநீர்ப்பை காலியாக இருக்க வேண்டும். கருவி கருப்பைக்கு மிக அருகில் இருப்பதால் நிலை, வளைவு, சுவர்கள், சூலகங்கள் அனைத்தும் தெளிவாகத் தெரியும். உடலுறவு அனுபவம் இல்லாதவர்களுக்கும், விருப்பம் இல்லாதவர்களுக்கும் இது செய்யப்படுவதில்லை; வயிற்று வழி ஸ்கேனோ, தேவையானால் எம்.ஆர்.ஐ.யோ போதுமான தகவல் தரும்.

யோனி வழி ஸ்கேனின் உண்மையான பயன், அசைவை நேரடியாகப் பார்க்க முடிவதே. கருவியால் கருப்பை வாயை மெல்ல அழுத்தும்போது, கருப்பையின் பின்சுவரும் அதை ஒட்டிய குடலும் ஒன்றன் மேல் ஒன்று வழுக்கிச் செல்கின்றனவா என்று திரையில் கவனிக்கிறார்கள். வழுக்கினால் இடையில் ஒட்டுதல் இல்லை என்பதற்கு அது நல்ல அறிகுறி. இரண்டும் சேர்ந்தே நகர்ந்தால் அந்த இடம் ஒட்டிக்கொண்டிருக்க வாய்ப்பு அதிகம். இரு சூலகங்களும் கருப்பைக்குப் பின்னால் ஒன்றையொன்று தொட்டபடி இருப்பதும், கருப்பையின் உடல் கூர்மையாகப் பின்னோக்கி மடங்கி, பக்கவாட்டுத் தோற்றத்தில் கேள்விக்குறியைப் போல் தெரிவதும் எண்டோமெட்ரியோசிஸ் அல்லது அடினோமையோசிஸ் (உட்படலத்தைப் போன்ற திசு கருப்பையின் தசைச் சுவருக்குள் வளர்வது) இருக்கலாம் என்று எச்சரிக்கும் குறிகள். எல்லா ஸ்கேனிலும் அசைவைச் சோதிப்பது வழக்கமாக இல்லை. உங்களுக்கு வலி இருந்தால், ‘கருப்பை பின்பக்கம் வழுக்குகிறதா என்று பாருங்கள்’ என்று முன்னதாகவே சொல்லி வைப்பது பயனுள்ளது.

அறிக்கையைப் படிக்கும் முறை

அறிக்கையில் ‘ஏ.வி.’ என்றிருந்தால் முன்சாய்வு, ‘ஆர்.வி.’ என்றிருந்தால் பின்சாய்வு; ‘ஆர்.எஃப்.’ என்பது பின்வளைவு. ‘ஆக்சியல்’ அல்லது ‘மிட் பொசிஷன்’ என்பது நடுநிலை. ‘நார்மல் இன் சைஸ்’ என்றால் அளவு இயல்பானது. ‘பல்க்கி’ என்றால் கருப்பை சற்றுப் பருத்திருக்கிறது. அதற்குச் சாய்வோடு தொடர்பில்லை, காரணத்தைத் தனியே கேட்க வேண்டும். ‘பி.ஓ.டி.’ என்பது கருப்பைக்கும் மலக்குடலுக்கும் இடையிலுள்ள டக்ளஸ் பை. அது ‘ஃப்ரீ’ என்றிருந்தால் அங்கே நீரோ கட்டியோ காணப்படவில்லை என்று பொருள். ‘ஆப்ளிட்டரேட்டட்’ என்ற சொல் இருந்தால் அந்த இடைவெளி ஒட்டி மூடியிருக்கிறது. ‘ஃபிக்ஸ்டு’ என்றால் அசையவில்லை. இவ்விரு சொற்களும்தான் அடுத்த பரிசோதனைக்கு வழிவகுப்பவை. இவை எதுவும் இல்லாமல் ‘ஆர்.வி.’ மட்டும் இருந்து, உங்களுக்குத் தொந்தரவும் இல்லையென்றால், மேற்கொண்டு எதையும் தேட வேண்டியதில்லை.

எம்.ஆர்.ஐ.யும் லேப்ராஸ்கோப்பியும் சாய்வைக் கண்டுபிடிப்பதற்காக மட்டும் செய்யப்படுவன அல்ல. ஆழமாகப் பரவிய எண்டோமெட்ரியோசிஸ் எவ்வளவு தூரம் சென்றிருக்கிறது என்று வரைபடம் போல அறிய எம்.ஆர்.ஐ. உதவுகிறது. வயிற்றில் சிறு துளையிட்டுக் கேமராவால் பார்க்கும் லேப்ராஸ்கோப்பி, ஒட்டுதல்களை நேரில் காணவும் அதே வேளையில் நீக்கவும் வழி தருகிறது. மயக்க மருந்தும் அறுவையும் தேவைப்படுவதால், கடுமையான வலியோ கருத்தரிப்புத் தடையோ இருக்கும்போதுதான் அது நியாயமாகிறது.

கண்டறிந்த பிறகு என்ன

அசையும் பின்சாய்வு, அறிகுறி இல்லை என்றால் சிகிச்சையும் இல்லை. உறவின்போது வலித்தால், பெண் மேலிருந்து ஆழத்தைக் கட்டுப்படுத்தும் நிலையையோ பக்கவாட்டு நிலையையோ முயன்று பார்க்கலாம். முழங்காலும் மார்பும் தரையில் படும்படி இருக்கும் பயிற்சி கருப்பையைத் தற்காலிகமாக முன்னோக்கி வரச் செய்தாலும், நிலையாக மாற்றிவிடுவதில்லை. ‘சாய்வைச் சரிசெய்யும்’ மசாஜ்களையும் மாத்திரைகளையும் விலைகொடுத்து வாங்க வேண்டாம்.

மருத்துவமும் ஒரு காலத்தில் இதில் அளவுக்கு மீறியே நடந்துகொண்டது. 19ஆம் நூற்றாண்டில் அமெரிக்க மருத்துவர் ஹ்யூ லெனாக்ஸ் ஹாட்ஜ், பின்சாய்ந்த கருப்பையை முன்னே தாங்கிப் பிடிக்க ஒரு வளையத்தை வடிவமைத்தார். அந்நூற்றாண்டின் இறுதியிலும் அடுத்ததன் தொடக்கத்திலும் முதுகுவலி முதல் மலட்டுத்தன்மை வரை பலவற்றுக்குச் சாய்வைக் காரணமாக்கி, கருப்பையை முன்னே இழுத்துக் கட்டும் அறுவை சிகிச்சைகளும் ஏராளமாகச் செய்யப்பட்டன. அந்தக் கட்டும் அறுவை இன்று அரிதாகிவிட்டது. ஹாட்ஜின் வளையம் வேறொரு வேலைக்குப் பயன்படுகிறது: வளையத்தைச் சில காலம் வைத்து வலி தீர்கிறதா என்று பார்த்தால், வலிக்குச் சாய்வுதான் காரணமா என்பது ஓரளவு தெரிந்துவிடும்.

அசையாத பின்சாய்வு என்றால் பேச்சு வேறு. அங்கே காரணத்தை, அதாவது எண்டோமெட்ரியோசிஸையோ தொற்றையோ, கண்டறிந்து அதற்கு மருந்தோ அறுவையோ செய்ய வேண்டும். காய்ச்சலோடு கூடிய கடும் அடிவயிற்று வலி, துர்நாற்றமுள்ள வெள்ளைப்படுதல், மாதவிடாய் தள்ளிப்போன நிலையில் ஒருபக்க வலியும் இரத்தப்போக்கும் ஆகியவை இருந்தால் சாய்வைப் பற்றி யோசித்துக்கொண்டிராமல் உடனே மருத்துவமனைக்குச் செல்ல வேண்டும்.

யாரிடமெல்லாம் சொல்ல வேண்டும்

நோயாக இல்லாவிட்டாலும், இந்தத் தகவலை மருத்துவப் பதிவில் வைத்துக்கொள்வதற்கு வலுவான காரணம் உண்டு. காப்பர்-டி பொருத்துவது, கருப்பையின் உட்படலத்திலிருந்து திசு எடுப்பது, கருப்பைக்குள் விந்து செலுத்துவது, செயற்கைக் கருத்தரிப்பில் உருவான கருவைக் கருப்பைக்குள் வைப்பது ஆகிய எல்லாவற்றிலும் ஒரு கருவி கருப்பை வாய் வழியாக உள்ளே செல்கிறது. கருப்பை முன்சாய்ந்திருப்பதாக எண்ணி அந்தக் கோணத்தில் கருவியைச் செலுத்தினால், பின்சாய்ந்த கருப்பையின் முன்சுவரில் துளை விழும் ஆபத்து இருக்கிறது. நிலையை முன்பே அறிந்தவர் கருவியின் வளைவைத் திருப்பிப் பிடித்து எளிதாக முடித்துவிடுவார். ஆகவே அத்தகைய சிகிச்சைக்கு முன், ‘எனக்குக் கருப்பை பின்சாய்ந்திருக்கிறது’ என்று நீங்களே சொல்லுங்கள்.

கருவுற்றிருந்தால், முதல் வாரங்களில் வயிற்று வழி ஸ்கேனில் கரு சரியாகத் தெரியாமல் போகலாம். அப்போது யோனி வழி ஸ்கேன் செய்யச் சொல்வது இயல்பானது. வளரும் கருப்பை ஏறத்தாழ 12 முதல் 14 வாரங்களுக்குள் தானாகவே இடுப்புக்குழியிலிருந்து மேலெழுந்துவிடும். அதன்பின் பின்சாய்வு என்ற பேச்சுக்கே இடமில்லை. மிக அரிதாக, சுமார் 3,000 கர்ப்பங்களில் ஒன்றில், கருப்பை மேலெழ முடியாமல் இடுப்பெலும்புக்குள் சிக்கிக்கொள்கிறது. அவ்வாறு சிக்கிய கருப்பையின் வாய் முன்னோக்கித் தள்ளப்பட்டுச் சிறுநீர்த் தாரையை அழுத்துவதால், பெரும்பாலும் நான்காம் மாதத்தில் சிறுநீர் சொட்டுச் சொட்டாக வரும் அல்லது முற்றிலும் நின்றுவிடும். அடிவயிறும் முதுகும் வலிக்கும். இதைச் சாதாரணச் சிறுநீர்த் தொற்று என்று எண்ணி வீட்டில் காத்திருக்கக் கூடாது. அன்றே மருத்துவமனைக்குச் சென்று, கருப்பை பின்சாய்ந்திருந்தது என்ற பழைய அறிக்கையைக் காட்டினால், குழாய் மூலம் சிறுநீரை வெளியேற்றி, ஸ்கேனில் உறுதிசெய்து, கருப்பையைக் கையால் மெல்ல மேலே உயர்த்தும் சிகிச்சையை மருத்துவர்கள் தாமதமின்றித் தொடங்க முடியும்.